விழாச் சாமான்

நீதிமன்ற வளாகத்தில் பெண் வழக்கறிஞர்களுக்கென்று ஒரு கழிப்பறை உண்டு. மகளிர் தினத்தன்று மட்டும் அது காலியாக இருக்கும். மற்ற நாட்களில் அதற்குள் அடைந்து கிடக்கும் நாற்காலிகளும் சாமியானாவும் ‘பெண்ணுரிமை காப்போம்’ பேனரும் அன்று மேடைக்குப் போய்விடும். இடையில் யாராவது சாவி கேட்டால், சங்கத் தலைவர் தணிகாசலம் மிகுந்த கனிவோடு சிரிப்பார். “சாமான வைக்க வேற எடமில்லம்மா. கொஞ்சம் பொறுத்துக்குங்க, பழகிடும்.”

இந்த வருடமும் அவர் சமத்துவம் பற்றி முழங்கினார். பாதியில் “ஒரு நிமிஷம்” என்று ஆண்கள் கழிப்பறைக்குப் போய் வந்து, விட்ட இடத்திலிருந்தே முழங்கினார். பிறகு வழக்கறிஞர் எழில்மதிக்குப் பொன்னாடை போர்த்தினார். கைதட்டல் அடங்குவதற்குள் எழில்மதி மேடையைவிட்டு இறங்கிப் போய்விட்டார்.

விழா முடிந்து, நாற்காலிகளைத் தலையில் சுமந்து வந்தவர்கள் கழிப்பறை வாசலிலேயே நின்றுவிட்டார்கள். கதவு உள்ளே தாழிட்டிருந்தது. கைப்பிடியில் பொன்னாடை தொங்கியது. தணிகாசலம் வேர்க்க விறுவிறுக்க வந்து கதவைத் தட்டினார்.

“யாரும்மா உள்ள? எல்லாரும் வெயில்ல நிக்கிறாங்க. இன்னும் எவ்ளோ நேரம்?”

“பொறுத்துக்குங்க சார்,” என்றது எழில்மதியின் குரல். “பழகிடும்.”