அகத்திக்கீரைக்குக் காவல்

குறும்பட இயக்குநர் ஒருவர் இரண்டு கிடாக்களை நடிக்க அழைத்துவந்தார். வெள்ளைக் கிடா நன்மை. அது அகத்திக்கீரைக் கட்டைக் காவல் காக்க வேண்டும். கறுப்புக் கிடா தீமை. அது அந்தக் கீரையைத் திருடித் தின்ன வேண்டும்.

இயக்குநருக்கு எந்த டேக்கிலும் திருப்தி இல்லை. ஒவ்வொரு முறையும் புதுக்கட்டு வைக்கப்பட்டது. தீமை தின்றது, நன்மை பார்த்துக்கொண்டு நின்றது. ஏழு டேக் என்பாரும் உண்டு, பத்து என்பாரும் உண்டு. வெள்ளைக் கிடா காலையிலிருந்து பட்டினி என்பதில் மட்டும் கருத்து வேறுபாடு இல்லை.

"அண்ணே, பசியில காது அடைக்குது. ஒரு தடவையாவது நான் திருடுறேனே?"

"தாராளமா திருடுடா தம்பி! இன்னொரு கட்டைப் பார்த்தாலே எனக்குக் குமட்டுது."

அடுத்த டேக்கில் நன்மை பாய்ந்து தின்றது. தீமை வயிறு கனத்து, அசைய முடியாமல் தலைகுனிந்து நின்றது. "இதுதான்டா படம்!" என்று இயக்குநர் துள்ளினார்.

திரையிட்ட அன்று, அந்தக் குனிந்த தலையில் மனந்திருந்தலைக் கண்டு பலர் கண்கலங்கினர். கறுப்புக் கிடாவுக்குச் சாமந்தி மாலை போட்டார்கள்.

அது பக்கத்தில் நின்ற வெள்ளைக் கிடாவிடம் மெல்லத் திரும்பிக் கழுத்தை நீட்டியது.

"தம்பி, இதையும் நீயே தின்னுடா. எனக்கு அந்தக் கீரையே இன்னும் செரிக்கல."