பதினான்காம் பயிற்சி

செஞ்சி பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் தையல் கடை வைத்திருக்கும் சுமலதா, நாற்பது வயதில் பியானோ கற்றுக்கொண்டிருந்தாள். புத்தகத்தின் பதினான்காவது பயிற்சியில் மூன்று மாதமாக நின்றுபோயிருந்தாள். வலது கைக்கு வரிசையாக ஆறு சுரங்கள். நடுவில் கட்டைவிரலை மற்ற விரல்களுக்கு அடியில் நுழைத்தால்தான் ஆறாவது எட்டும். ஒவ்வொரு முறையும் அங்கேதான் தடுக்கியது. சனிக்கிழமை பரீட்சை.

எந்த விரல் என்று சுரத்துக்கு மேல் பென்சிலால் எண் போட்டுக்கொள்வாள். கட்டைவிரல் ஒன்று, சுண்டுவிரல் ஐந்து. வியாழக்கிழமை காலை அந்தச் சுரங்களுக்கு மேல் ஒன்றிலிருந்து ஆறுவரை எழுதியிருந்தது. அவள் கையெழுத்துதான். தப்பாகப் போட்டுவிட்டோம் என்று நினைத்தபடியே வாசித்தாள். தடுக்கவில்லை. பத்து முறை வாசித்துப் பார்த்தாள்.

அவலூர்பேட்டையிலிருந்து சொல்லித்தர வரும் அறிவுமதி அதைக் கேட்டுவிட்டு நாற்காலியில் சாய்ந்தாள்.

"அப்பாடா, வந்துட்டுதாக்கா? எனக்கு நாலு மாசம் ஆச்சு. இனிமே டென்ஷன் இல்ல."

பரீட்சையை நல்லபடியாக முடித்துவிட்டு வந்த சாயங்காலம், மகள் அனு மருதாணி அரைத்து விரலுக்கு ஒன்றாகப் பத்து உருண்டை பிடித்தாள். அம்மாவின் இடது கைக்குச் சரியாக இருந்தது.

"இந்தக் கைக்கு ஒண்ணு பத்தலம்மா" என்று சொல்லிவிட்டு, உள்ளங்கையில் வைத்த வட்டத்திலிருந்து கொஞ்சம் கிள்ளி அந்த விரலுக்கும் வைத்தாள்.