அங்கம்மாவின் குரல்

"அக்கா, உடனே வாங்க. நேர்ல பேசணும்."

அங்கம்மாவின் மகள் ஜோதிகா அனுப்பிய வாய்ஸ் மெசேஜை ஜூடி மூன்றாவது முறையாகக் கேட்டாள். திருப்பிக் கூப்பிட்டால் எடுக்கவில்லை.

அந்த அதிகாரி ஆள் அனுப்பி மிரட்டுகிறானா? அங்கம்மாவுக்கு ஏதாவது ஆகிவிட்டதா?

ராயபுரத்தில் ஏறிய ஆட்டோ, டோல்கேட்டைத் தாண்டவே அரை மணி நேரம் ஆனது. கண்டெய்னர் லாரிகள் அசைவேனா என்று நின்றன.

"இன்னா மேடம், நகத்தையே துன்னுகினு வர்றீங்க? வூட்ல எதுனா பேஜாரா?" என்றார் ஆட்டோக்காரர்.

ஜூடி போனில் அந்த வீடியோவை மறுபடி ஓடவிட்டாள்.

போன செவ்வாய்க்கிழமை எண்ணூர் ஆற்றுப் பாலத்தின் மேலிருந்து அவள் எடுத்தது. இருபது விநாடிதான். கழுத்தளவு தண்ணீரில் குந்தியிருக்கிறாள் இருளர் பெண் அங்கம்மா. கையால் சேற்றைத் துழாவி இறால் பிடிக்கிறாள். பிடித்ததைப் போடும் ஓலைப் பறியைப் பல்லால் கடித்திருக்கிறாள். கரையில், கையில் ஃபைலோடு வருவாய் ஆய்வாளர் தாமோதரன். அங்கம்மா கரைக்கு வரப் பார்க்கிறாள். அவர் கையை நீட்டிக் கத்துகிறார்.

"ஏறாத! பறி ரொம்பற வரைக்கும் கரை ஏறாத! நான் இங்கதான் நிக்கிறேன்!"

பாலத்தில் தூண்டில் போட்டுக்கொண்டிருந்தவரை ஜூடி விசாரித்தாள். "அவங்க பொண்ணு ஜோதிகாவுக்கு சாதி சர்ட்டிபிகேட்டாம். விசாரிக்க வந்துகீறாரு" என்றார் அவர்.

போதாதா? இருளர்தான் என்று நிரூபிக்க ஒரு தாயைச் சேற்றில் இறக்கி வேடிக்கை பார்க்கிற அதிகாரி!

"அம்மா! உங்களை மிரட்டுறாரா?" என்று ஜூடி மேலிருந்து கத்தினாள்.

அங்கம்மா நிமிர்ந்து பார்த்து ஒரு கையை வேகமாக ஆட்டினாள். உதவிக்குக் கூப்பிடுகிறாள் என்று ஜூடிக்கு ரத்தம் கொதித்தது. திரும்பும் பஸ்ஸிலேயே வீடியோவை ஏற்றிவிட்டாள். கூடவே #அங்கம்மாவின்குரல்.

விடிவதற்குள் ஊரே பார்த்துவிட்டது. மறுநாளே தாமோதரனைக் காத்திருப்போர் பட்டியலுக்கு மாற்றினார்கள். ஜூடி அதற்கும் ஒரு பதிவு போட்டாள், கைதட்டும் எமோஜியோடு. அதன் கீழே தன் நம்பரையும் கொடுத்திருந்தாள், பாதிக்கப்பட்டவர்கள் கூப்பிடட்டும் என்று.

கூப்பிட்ட ஒரே ஆள் ஜோதிகா.

ஆற்றோரத்துக் காலனியில் இறங்கியதும் ஜூடி ஓட்டமாக ஓடினாள். வாசலிலேயே நின்றிருந்தாள் ஜோதிகா. அழுது அழுது முகம் வீங்கியிருந்தது.

"அம்மா நல்லா இருக்காங்களா? அவன் ஒண்ணும் பண்ணலையே?"

"அவரை இன்னான்னு நெனச்சீங்கக்கா?" என்றாள் ஜோதிகா. "நாளைக்கு சாயங்காலத்துக்குள்ள சர்ட்டிபிகேட் குடுக்கலன்னா என் நர்சிங் சீட்டு பூடும். மூணு வருசமா ஆபீஸ் ஆபீஸா அலைஞ்சோம். எங்களைத் தேடி வந்து விசாரிச்ச மொத ஆளு அவருதான். அன்னிக்கே எழுதி அனுப்பிடறேன்னாரு. இப்போ அந்த ஃபைலு மேலயே விசாரணை நடக்குதாம். யாரும் தொட மாட்டேன்றாங்க."

ஜூடி போனில் வீடியோவைத் திறந்து காட்டினாள்.

"ஆனா... கரை ஏறாதன்னு கத்தினாரே?"

உள்ளேயிருந்து அங்கம்மா வந்தாள். ஈரப் பறியை ஆணியில் மாட்டினாள்.

"ஆபீசரு வந்துட்டாரேன்னு பயந்துகினு நான்தாம்மா பாதியில ஏறப் பாத்தேன். தண்ணி வத்தி இருக்கறதே ரெண்டு மணி நேரம். அதை வுட்டா அன்னிக்குப் பொயப்பு போச்சு. அதான் ஏறாத, ரொம்பட்டும்னாரு. அந்தக் கொளுத்தற வெயில்ல எனக்காக நின்னாரும்மா அந்த மனுசன்."

கையில் இருந்த போன் அதிர்ந்தது. வாழ்த்துகள் இன்னும் வந்துகொண்டிருந்தன. ஜூடிக்கு அதைப் பார்க்கவே பயமாக இருந்தது. யார் மீதாவது பழியைப் போட்டுவிட்டால் தேவலை போலிருந்தது.

"நான் மேலிருந்து கேட்டேனேம்மா. அப்பவே இல்லைன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

அங்கம்மா கோபப்பட்டிருந்தால்கூட ஜூடி தாங்கியிருப்பாள். அவள் கோபப்படவில்லை.

"வாயில பறியைக் கடிச்சினு இருந்தேனேம்மா. வாயைத் தொறந்தா மொத்த எறாவும் ஆத்தோட பூடும். அதான் இல்லைன்னு கையை ஆட்டினேன். நீ ஒரு பத்து நிமிசம் நின்னிருந்தா, கரை ஏறி வந்து சொல்லியிருப்பேன்."