தாசில்தாரின் கைபேசி
தாலுகா அலுவலக வேப்பமரத்தடியில், காலையில் பிடிபட்ட லாரியிலிருந்து ஆற்றுமணலின் ஈரம் இன்னும் சொட்டிக்கொண்டிருக்கிறது. தேங்கிய நீரில் காக்கை ஒன்று அலகை நனைக்கிறது. உள்ளே தாசில்தார் பூங்கோதையின் முன்னால் லாரிக்காரர் மாயழகு துண்டைப் பிசைகிறார். "வழக்கம்போல அபராதத்தப் போட்டு வண்டிய விட்டுடுங்கம்மா." "அபராதம் போடுற அதிகாரம் எனக்குக் கெடையாதுன்னு கோர்ட்டே சொல்லிருச்சுங்க. புடிக்கலாம், கோர்ட்டுல ஒப்படைக்கலாம், அவ்வளவுதான்." மேசைக் கண்ணாடியில் கிடக்கும் வெயிலின்மேல் கைபேசி ஒலிக்கிறது. எம்.எல்.ஏ.வின் எண். அபராதத்தைக் குறைக்கச் சொல்லி வரும் அந்த அழைப்புக்குப் பயந்து, இத்தனை நாளும் கைபேசியைக் கோப்புக்கடியில் தள்ளிவிட்டு அது அடங்கும்வரை மூச்சைப் பிடித்திருப்பாள். இன்று நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டு, முதல் மணியிலேயே எடுக்கிறாள். "சொல்லுங்க சார்... கொறைக்கவா? போடவே எனக்கு அதிகாரம் இல்லையே சார்!"