நெருப்புக்குச் சிவப்பு

தங்கையைப் பலிகொண்ட தீயின் படத்துக்கு வண்ணம் பூச, சிவப்புக்காரி தானாகவே முன்வந்தாள்.

பட்டறைப் பெண்கள் தூரிகையைக் கீழே வைத்துவிட்டு அவளைப் பார்த்தார்கள். ஆளுக்கொரு நிறம் அவர்கள் வேலை. பூதக்கண்ணாடிக்கு அடியில் கறுப்பு வெள்ளை சினிமா பிலிமை நகர்த்தி, தபால்தலையைவிடச் சின்னப் படம் ஒவ்வொன்றுக்கும் தூரிகை நுனியால் நிறம் வைக்கவேண்டும். பச்சைக்காரி அந்த ரீலைத் தொடவே மாட்டேன் என்று எழுந்துபோனாள். இவளெல்லாம் கூடப்பிறந்தவளா என்று முதுகுக்குப் பின்னால் யாரோ முணுமுணுத்தார்கள்.

மேற்பார்வையாளருக்கு வாயெல்லாம் பல்.

"தீ நல்லா கொழுந்துவிட்டு எரியணும்மா. ஜனங்க பாக்க வர்றதே அதைத்தான்."

அவள் சிவப்புக் கிண்ணத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். வாயைத் திறந்திருந்தால் கெட்ட வார்த்தைதான் வந்திருக்கும்.

தங்கை வேலைபார்த்த ஆலை எரிந்தபோது எதிரே நின்ற கேமராக்காரன் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்திருக்கிறான். மாடி ஜன்னலில் கைகள் அசைகின்றன. அவன் கை நிற்கவே இல்லை.

எது தங்கையின் கை என்று அவள் தேடவில்லை. பூதக்கண்ணாடியைப் படத்தின் அடிப்பக்கம் நகர்த்தினாள்.

விசாரணையில் ஆலை முதலாளி கையை விரித்துவிட்டார். கதவு திறந்துதான் இருந்ததாம். பெண்கள்தான் புத்திகெட்டுப்போய் மாடிக்கு ஓடினார்களாம். ஊரும் தலையாட்டிவிட்டது.

ஈரம் காய்ந்ததோ இல்லையோ, ரீல் கொட்டகைக்குப் பறந்தது. போட்டுப்பார்க்க யாருக்கும் நேரமில்லை.

இறந்தவர்களின் நினைவாக நடந்த காட்சி அது. முன்வரிசையில் முதலாளி, கையில் கைக்குட்டையோடு.

விளக்கு அணைந்தது. திரையில் ஆலை எரிந்தது, சாம்பல் நிறத்தில். புகையும் சாம்பல், தீயும் சாம்பல். மேற்பார்வையாளர் இருட்டில் தடுமாறி வந்து, குடியைக் கெடுத்துவிட்டாயே பாவி என்று அவள் காதருகே பல்லை நறநறத்தார். அவள் திரும்பவில்லை.

படம் முழுவதிலும் ஓரிடத்தில் மட்டும் சிவப்பு. கீழே, பெரிய கதவின் நடுவில். பிலிமில் எள்ளளவு வைத்தது திரையில் ஆள் தலையளவுக்குத் துடித்தது.

என்ன அது என்று முதலில் யாருக்கும் பிடிபடவில்லை.

பிறகு நடுவரிசையிலிருந்து ஒரு பெண்ணின் குரல் நிதானமாகக் கேட்டது.

"அது பூட்டு. வெளிப்பக்கம் தொங்குது."

முன்வரிசையிலிருந்து எழுந்தவருக்கு யாரும் வழிவிடவில்லை.