எட்டாவது வீடு

ஏழாவது வீட்டிலும் கதவைப் படாரென்று சாத்தினார்கள். "பெத்த தாயைக் கிணத்துல தள்ளினவனுக்கு யாரு வீடு குடுப்பா?" என்று உள்ளேயிருந்து ஒரு குரல் வேறு.

தெருவில் நின்ற மனைவிக்கு அழுகை முட்டியது. "காலையிலேர்ந்து நாயா அலையறோம். அந்தக் காரியம் வேண்டாம்னு அப்பவே தலையால அடிச்சுக்கிட்டேன், கேட்டீங்களா?"

ஏனோ கணவரின் மீசைக்குள் ஒரு சிரிப்பு ஒளிந்திருந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு விறுவிறுவென்று நடந்தார்.

எட்டாவது வீட்டுக்காரர் அவரைக் கண்டதும், "அடடே, நீங்களா! வாங்க, வாங்க" என்று சாவியையே கையில் கொடுத்துவிட்டார்.

வீடு கேட்டு வந்தவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. "நான் யாருன்னு தெரிஞ்சுதான் குடுக்கறீங்களா?"

"தெரியாம என்ன? நம்ம ஊருக்கு வந்த முதல் பேசும் படமாச்சே, முதல் நாளே பார்த்துட்டேன். அம்மாவைக் கிணத்துல தள்றீங்களே, அந்தக் கட்டம்கூட ஞாபகம் இருக்கு."

"பார்த்துமா பயம் வரலை?"

"எதுக்குப் பயம்? நீங்க நடிக்கிறீங்கன்னுதான் அப்பட்டமாத் தெரியுதே!"

நடிகரின் முகம் சுண்டிப்போனது. சாவியை வீட்டுக்காரர் கையிலேயே திருப்பி வைத்தார். பெட்டியைத் தூக்கினார்.

"வாம்மா, இந்த வீடு நமக்குச் சரிப்படாது."