கழுவாத கோடு

உருளையைச் சாயத்தில் முக்கிக்கொண்டு வந்தவனுக்கும் என் வீட்டுச் சுவருக்கும் நடுவில் போய் நின்றுகொண்டேன்.

என் முதுகுக்குப் பின்னால் அந்தக் கோடு இருந்தது. போன மாதம் வெள்ளம் ஏறி நின்ற கோடு. என் தலைக்கு மேலே ஒரு முழம் உயரத்தில், பழுப்பாக, சுவரின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை.

பொங்கலுக்கு மந்திரி எங்கள் தாமான் குடியிருப்புக்கு வருகிறாராம். எங்கள் சந்திலேயே பானை வைக்கப் போகிறார்களாம். அதற்குத்தான் இந்த நீலச் சாயம், வீடு வீடாக, இலவசமாக. இந்தக் கிள்ளான் நகரில் இத்தனை அக்கறையாக யாரும் எங்களுக்கு எதுவும் செய்ததில்லை. கூரைமேல் உட்கார்ந்து படகு கேட்டபோதுகூட.

இடுப்பளவுத் தண்ணீர் என்று பத்திரிகையில் சொல்லியிருந்தார்கள். எதிர்பாராத மழை, இயற்கைச் சீற்றம், யார்மேலும் குற்றமில்லை.

மழையை நான் குறை சொல்லவில்லை. கடல் ஏறும்போது ஆற்று மதகை மூடிவிடுவார்கள். உள்ளே சேரும் மழைத்தண்ணீரைப் பம்புதான் ஆற்றுக்குள் தள்ளவேண்டும். அன்றைக்கு மதகை மறக்காமல் மூடினார்கள். பம்பு ஓடவில்லை. மாதக்கணக்காகவே ஓடவில்லை. இது எங்கள் தாமானில் எல்லாருக்கும் தெரியும். மந்திரிக்குத்தான் தெரியாது, அவருக்கு இந்தக் கோடு ஒன்றுதான் சொல்லும்.

தண்ணீர் வடிந்ததும் என் வீட்டுக்காரர் பரமேஸ்வரன் வெறுங்கையால் சேற்றை வாரிக் கொட்டினார். காலிலும் ஒன்றுமில்லை, செருப்பெல்லாம் வெள்ளத்தோடு போய்விட்டது. சுவரைத் தேய்க்கப் போன என்னைத் தடுத்தவரும் அவர்தான்.

"இத மட்டும் கழுவாத உஷா. வந்து பாக்கட்டும்."

இப்போது நகராண்மைக் கழக அதிகாரி கமலநாதன் ஓடிவந்தார். நம் ஆள். பேசிச் சரிக்கட்டத்தான் அனுப்பியிருப்பார்கள்.

"அக்கா, ஃப்ரீ சாயம்லா. பொங்கலும் அதுவுமா வீடு இப்படியா இருக்கும்? நல்ல வேளை, இந்தத் தாமான்ல ஒரு உயிர்கூடப் போகல. அத நெனச்சு சந்தோசப்படுங்க."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் கத்தவில்லை.

"இந்த வருசம் எங்க வீட்ல பொங்கல் இல்ல தம்பி."

அவரும் தமிழர்தான், மேற்கொண்டு சொல்லவேண்டியிருக்கவில்லை. திறந்திருந்த கதவு வழியே உள்ளே பார்த்தார். புதுச் சட்டம் போட்ட பரமேஸ்வரனின் படமும் அதன் முன்னால் விளக்கும் தெரிந்தன.

எலிக்காய்ச்சல். அந்தச் சேற்றிலிருந்து வந்தது. ஆனால் தண்ணீர் வடிந்த பிறகு போன உயிர் வெள்ளக் கணக்கில் சேராதாம்.

கமலநாதன் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். அடுத்த வீட்டுக்குப் போகும்படி ஆட்களுக்குச் சைகை காட்டினார்.

அடுத்த வீடு சோங் அங்கிளுடையது. சீனர். ஜெஞ்சாரோம் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் நம் ஆட்களோடு வளர்ந்ததால் தமிழ் நன்றாகவே பேசுவார். வேலியோரம் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். அவர் சுவரிலும் அதே கோடு, அதே உயரத்தில்.

சாய வாளி நெருங்கியதும் கேட்டை இழுத்துச் சாத்தினார். சங்கிலியைக் கோத்துப் பூட்டினார். பிறகு கமலநாதனைப் பார்த்து நிதானமாகச் சொன்னார், பிறந்ததிலிருந்து ஒரு தடவைகூடப் பொங்கல் பானை வைக்காத அந்த மனிதர்.

"இந்த வருசம் எங்க வீட்லயும் பொங்கல் இல்ல."